வட்டி எழுப்பிய வீடு

ஒரு வீட்டில் குடியிருக்க எத்தனை வீட்டு விலை கொடுக்க வேண்டும், சொல்லுங்கள் பார்ப்போம்? ஒன்று என்று சொன்னால் நீங்கள் இன்னும் கடன் வாங்கவில்லை என்று அர்த்தம். நான் சொல்கிறேன்: மூன்று வீடும் ஒரு மாட்டுத் தொழுவமும். அதில் ஒன்றில் நாம் இருப்போம். மற்றதெல்லாம் எங்கே போய் நிற்கிறது என்று கேட்டால் முக்கால்வாசிப் பேர் மேலே பார்ப்பார்கள், கீழே பார்ப்பார்கள். எனக்கு அது நிற்கிற தெரு தெரியும், கதவு எண் தெரியும், அதன் அடுப்படியில் நின்று பாலும் காய்ச்சியிருக்கிறேன்.

சாத்தனேரிக்குக் கிழக்கே பஸ் நின்று போகிற செவல்குளம் விலக்கில் பிளாட் போட்டபோது எனக்கு இருபத்திரண்டு வயது, மகள் வஞ்சி இடுப்பில் நாலு மாசக் குழந்தை. என் வீட்டுக்காரர் தவசிக்குக் கிரில் பட்டறையில் வேலை. ஊரில் பாதி ஜன்னலுக்கு அவர் கம்பி வளைத்துக் கொடுத்திருக்கிறார், நாங்கள் இருந்த வாடகை வீட்டு ஜன்னலில் மட்டும் சாக்குதான் தொங்கும். பொன்கூரை ஹவுசிங் பைனான்ஸ் என்கிற கம்பெனியில் பத்து லட்சம் கடன் வாங்கிக் கட்டினோம். நான் நாலடி ஒன்பது அங்குலம். கொத்தனார் இருளப்பன் என் இடுப்பில் நூலை வைத்து அளந்து அந்த உயரத்துக்கு அடுப்புத் திண்டு போட்டுக் கொடுத்தார். முன் ஜன்னலுக்குத் தவசி இரண்டு கிளி வைத்து ஒரு கிரில் செய்தார், கடைசியில் கம்பி தீர்ந்துபோனதால் இடது பக்கத்துக் கிளிக்கு வால் இல்லை. இதையெல்லாம் மனதில் வைத்துக்கொள்ளுங்கள், பின்னால் வேண்டியிருக்கும்.

கம்பெனி மேனேஜர் கிருபாகரன், ஐம்பதை எட்டிய மனுஷர், வெள்ளைச் சட்டை, பேசும்போதே தலையாட்டுவார், எதிரே இருக்கிறவர்களும் சேர்ந்து ஆட்டிவிடுவோம். பதினேழு இடத்தில் கையெழுத்து வாங்கினார். வஞ்சி அழுதுகொண்டிருந்தாள், அவளைத் தோளில் போட்டுத் தட்டிக்கொண்டே பதினேழும் போட்டேன். போட்டுவிட்டு ஒன்றே ஒன்றுதான் கேட்டேன்.

“எப்ப முடியும்னு ஒரு தாள்ல எழுதிக் குடுங்க சார்.”

அவர் சிரித்துக்கொண்டு தினசரிக் காலண்டரில் அன்றைய தாளைக் கிழித்து, பின்பக்கம் தேதியை எழுதாமல் மாசத் தொகையை எழுதினார். பதினோராயிரத்துப் பதினொன்று.

“கடைசியில ஒண்ணு வருது பாரு தங்கச்சி, மொய் எழுதுற மாதிரி. இது ஒரு பைசா ஏறாது. ஏறாதப்ப உனக்கு என்ன கவலை?”

எங்கள் பக்கத்தில் ஒற்றை ரூபாய் சேர்த்துக் கொடுக்கிற பணத்துக்கு ஒரு மரியாதை உண்டு. நூற்றொன்று, ஐந்நூற்றொன்று என்று எழுதினால்தான் மொய். வெறும் நூறு எழுதினால் கோபித்துக்கொண்டு எழுதியதாக ஆகிவிடும். இதில் ஒன்றுக்கு நாலு ஒன்று வருகிறதே என்று தவசிக்குச் சந்தோஷம் தாங்கவில்லை. தாளைக் கொண்டுபோய் சாமி படத்துக்குப் பக்கத்தில் ஒட்டிக் குங்குமம் வைத்துவிட்டார். இருபது வருஷத்துக்கு இருநூற்று நாற்பது மாசம் என்று பெருக்கிப் பார்க்க ஐந்தாம் வகுப்பு போதும், நான் பத்து வரைக்கும் படித்தவள், பெருக்கவில்லை. குங்குமம் வைத்த தொகையை யாராவது பெருக்கிப் பார்ப்பார்களா?

மாசம் பிறந்தது. ஐந்தாம் தேதி காலை பதினோரு மணிக்கு எங்கள் கணக்கிலிருந்து முதல் தவணை போனது, அதே பதினோரு மணிக்கு சாத்தனேரி வாட்டர்டேங்க் தெருவில் கிருபாகரன் தன் வீட்டுக்கு முன்னால் காற்று வரட்டும் என்று வாங்கிப் போட்டிருந்த காலி மனையில், கொத்தனாரும் இல்லாமல் சித்தாளும் இல்லாமல், தரைக்குள்ளிருந்து நாலு பக்கமும் ஒரு வரிசைச் செங்கல் எழுந்து நின்றது. அடுத்த மாசம் ஐந்தாம் தேதி, பதினோரு மணிக்கு, அடுத்த வரிசை. அதற்கடுத்த மாசம் அதற்கடுத்தது. மழை மாசத்திலும் எழுந்தது, தேர்தல் வந்தபோதும் எழுந்தது, ஊரே கடையடைத்த நாளிலும் எழுந்தது. செவல்குளம் விலக்கில் அவரிடம் கடன் வாங்கியவர்கள் மொத்தம் ஏழு குடும்பம், எங்களுடையது முதல் கடன் என்பதால் எங்கள் சுவர் அடியில், எங்கள் எதிர்வீட்டுச் சகாயமேரியின் சுவர் அதன் தலைமேல், அதற்குமேல் மற்ற ஐந்தும், டிபன் கேரியர் அடுக்கு மாதிரி.

ஊர் இதை எப்படி எடுத்துக்கொண்டது என்று கேட்பீர்கள். நன்றாகவே எடுத்துக்கொண்டது. எதிரே டீக்கடை வைத்திருந்தவர் ஐந்தாம் தேதிக்கு மட்டும் இருபது வடை கூடப் போட்டார், ஏனென்றால் வேலை இல்லாத ஆண்கள் ரயில் போவதைப் பார்க்க நிற்கிற மாதிரி பத்தே முக்காலுக்கே வந்து நின்றார்கள். கொத்தனார்கள் கூலி போச்சே என்று நகராட்சியில் மனுக் கொடுத்தார்கள். நகராட்சி ஆள் வரைபட அனுமதி எங்கே என்று கேட்டு வந்தார், செவல்குளம் விலக்கு ஏழு வீட்டின் அனுமதி வரைபடத்தோடு அங்குலம் பிசகாமல் ஒத்துப்போகிறது என்று பார்த்து, குறையில்லை என்று எழுதிவிட்டுப் போனார். கிருபாகரன் மட்டும் இது என் யோகம் என்றார். கல்யாண வீடுகளில் அதையே சொன்னார், தலையாட்டிக்கொண்டு.

தவசி அந்தத் தெருவில் ஒரு கேட்டுக்கு வெல்டிங் வைக்கப் போன இடத்தில்தான் எங்கள் வீட்டைப் பார்த்தார். ஜன்னலும் கிரில்லும் வந்திருந்தன. வந்து சாப்பிட உட்கார்ந்தவர் சோற்றைப் பிசைந்துகொண்டே இருந்தார், பிறகு மெதுவாக, “அந்த இடது கிளிக்கும் வால் இல்ல, பூங்கனி” என்றார்.

மறுநாளே நான் பஸ் ஏறிப் போனேன். கதவில்லாத நிலைவாசல் வழியாக உள்ளே நுழைந்து நேராக அடுப்படிக்குப் போய்த் திண்டுக்கு முன்னால் நின்றேன். என் இடுப்புக்குச் சரியாக இருந்தது. கிருபாகரன் வீட்டம்மா ஐந்தே முக்கால் அடி, அந்தத் திண்டில் அவர் ஒரு தோசை ஊற்றினால் மூன்று நாள் முதுகுக்குத் தைலம் போட வேண்டும். இது யாருக்காக அளந்த வீடு என்று சொல்ல எனக்குப் பத்திரம் தேவைப்படவில்லை.

அன்றிலிருந்து மாசம் ஒரு முறை போய்ச் சுவரைப் பார்த்து வருவது எனக்கு ரேஷன் கடைக்குப் போகிற மாதிரி ஆகிவிட்டது. அதனால்தான் கண்டுபிடித்தேன். ஐந்து வருஷம் முடிந்த மறுமாசம், எப்போதும் ஒரு வரிசை எழுகிற சுவர் அன்றைக்கு ஒன்றும் காலும் எழுந்தது. நாங்கள் கட்டியது அதே பதினோராயிரத்துப் பதினொன்று. கூடுதலாகக் கால் வரிசை எங்கிருந்து வந்தது? வஞ்சியைக் கையில் பிடித்துக்கொண்டு கம்பெனிக்குப் போய்க் கவுன்டரில் இருந்த பெண்ணிடம் கணக்குத் தாள் கேட்டு வாங்கி, அங்கேயே பெஞ்சில் உட்கார்ந்து, வஞ்சியின் சிலேட்டில் போட்டுப் பார்த்தேன்.

கட்டிய பணம் ஆறு லட்சத்து அறுபதாயிரம். அதில் கடனில் குறைந்தது எண்பத்திரண்டாயிரம். மிச்சமெல்லாம் வட்டி. இது போதாதென்று வட்டி வீதம் ஒன்றரை ஏறியிருந்தது. இருநூற்று நாற்பது மாசத்தில் முடிய வேண்டிய கடன், அறுபது மாசம் கட்டிய பிறகு, இன்னும் இருநூற்று நாற்பத்தெட்டு மாசம் பாக்கி என்று தாளில் இருந்தது. ஐந்து வருஷம் நடந்து நடந்து, புறப்பட்ட இடத்துக்கும் எட்டு மாசம் பின்னால் போய் நிற்கிறோம். சிலேட்டை அழித்துவிட்டு மறுபடி போட்டேன். அதேதான் வந்தது.

கண்ணாடி அறைக்குள் போய்க் கேட்டேன். கிருபாகரன் ஒன்றையும் மறைக்கவில்லை. வட்டி ஏறியது உண்மைதான், எங்களுக்குச் சிரமம் வேண்டாம் என்று மாசத் தொகையைத் தொடாமல் மாசங்களை மட்டும் நீட்டிவிட்டதாகவும், இதற்கு நாங்கள் நன்றி சொல்ல வேண்டும் என்றும் சொன்னார்.

“தொகை ஒரு பைசா ஏறுச்சா தங்கச்சி? ஏறல. அப்புறம் உனக்கு என்ன கவலை?”

எப்போது முடியும் என்று எழுதிக் கொடுங்கள் என்று மறுபடி கேட்டேன். அதெல்லாம் மேலே இருக்கிறவர்கள் கையில் இருக்கிறது என்று விரலை உயர்த்திக் காட்டினார். வஞ்சி நிமிர்ந்து பார்த்தாள். அங்கே மின்விசிறி சுற்றிக்கொண்டிருந்தது.

இந்தக் கடன் முடிகிறபோது இவளுக்கு இருபத்தாறு வயது இருக்கும். அந்த அறையில் எனக்கு அதுதான் தோன்றியது. எனக்கு ஒரு பழக்கம், கோபம் முற்றினால் சிரிப்பு வந்துவிடும். அன்றைக்கு நான் நன்றாகச் சிரித்தேன், அவரும் சேர்ந்து சிரித்தார், பாவம்.

அதற்கப்புறம் மூன்றரை வருஷம் நான் ஐந்தாம் தேதி தவறியதே இல்லை. என்னிடம் சீட்டுப் பிடித்த பணம் நாற்பதாயிரம் இருந்தது. அதை மட்டும் அப்படியே அசலில் கட்டினாலே பாக்கியில் மூன்றே முக்கால் வருஷம் குறையும் என்று கணக்குப் போட்டு வைத்திருந்தேன், தவசியும் கட்டிவிடலாம் என்று கெஞ்சினார். நான் கட்டவில்லை. அசல் குறைந்தால் வட்டி குறையும், வட்டி குறைந்தால் அங்கே சுவர் நின்றுபோகும். கதவு வரட்டும் என்று சொல்லிவிட்டேன். சகாயமேரிக்கு என் மனசு தெரியும். “வட்டி கட்டிட்டுச் சிரிக்கிற ஒரே பொம்பள இந்த மாவட்டத்துலயே நீதான்டி” என்பாள், ஆனால் மற்ற ஐந்து பேரையும் ஒரு தவணை தவறாமல் கட்ட வைத்தது அவள்தான்.

சுவர் வளர்ந்து பரந்து மனை முழுக்க அடைத்துக்கொண்டது. கிருபாகரன் வீட்டுக்குப் பின்னால் அரிசி ஆலைக் குடோன், இரண்டு பக்கமும் அடுத்தவர் மதில். பக்கவாட்டில் இருந்த ஒற்றையடிப் பாதையையும் அவரே செங்கல் வைத்து அடைத்தார், முன்னால் இருப்பதும் தன் வீடுதானே, அதற்குள் புகுந்து தெருவுக்குப் போனால் ஆயிற்று என்று. ஏழு அடுக்கின் நிழலில் அவர் வீட்டு முற்றத்தில் துணி காயவில்லை, வற்றல் காயவில்லை, வீட்டம்மா கேட்டபோதெல்லாம் வாடகை வரும் வாடகை வரும் என்றார்.

எட்டரை வருஷத்தில் கதவு வந்தது. தேக்குச் சாயம் பூசிய வேப்பங்கதவு, பித்தளைப் பூட்டு, எங்கள் வீட்டில் இருப்பது போலவே. மேலே ஆறு வாசலுக்கும் அவரவர் வீட்டுக் கதவே வந்திருந்தது. கிருபாகரன் பூட்டுக்காரரை வரவழைத்துப் புதுச் சாவி செய்து, தை மாசம் வெள்ளிக்கிழமை பால் காய்ச்ச நாள் குறித்து, பத்திரிகை அடித்து ஊர் முழுக்கக் கொடுத்தார்.

இங்கே சாத்தனேரியின் பழக்கம் ஒன்றைச் சொல்ல வேண்டும். எப்போதோ இரண்டு அண்ணன் தம்பி ஒரே வீட்டுக்கு இருபது வருஷம் கோர்ட்டுக்கு நடந்ததைப் பார்த்து அலுத்துப்போய், அந்த ஊரில் வரி போட வருகிற பில் கலெக்டர் பத்திரம், பட்டா எதையும் கேட்க மாட்டார். அடுப்படியில் பால் காய்ச்சியது யார் என்று மட்டும் கேட்பார், அந்தப் பெயரைப் புத்தகத்தில் எழுதுவார், அதற்குமேல் யாரும் பேச மாட்டார்கள். ஒருதடவை பால் பொங்கிய அடுப்படியில் இன்னொருவர் மறுபடி பொங்க வைக்கிறதும் கிடையாது.

வியாழக்கிழமை காலை கிருபாகரன் ஆபீசுக்குப் போனதும் ஏழு பெண்கள் ஏழு பால் பாத்திரத்தோடு ஒன்பதரை பஸ்ஸில் வந்து இறங்கினோம். நான் என் இடுப்பில் செருகியிருந்த எங்கள் வீட்டுச் சாவியை எடுத்துப் பூட்டில் விட்டேன். எட்டரை வருஷமாகத் திறக்கிற பூட்டு மாதிரி திறந்தது. சகாயமேரி ஜெபமாலையைக் கையில் சுற்றிக்கொண்டு மேலேறினாள், மற்றவர்கள் அவரவர் மாடிக்குப் போனார்கள், ஏழு சாவியும் ஏழு பூட்டில் திரும்புகிற சத்தம் கீழே கேட்டது. அடுப்பைப் பற்றவைத்தோம். என் பால்தான் முதலில் பொங்கியது. பிறகு மேலே ஒவ்வொன்றாகப் பொங்கி, ஏழு அடுப்படியிலிருந்தும் வழிந்து, சுவர் சுவராக இறங்கி, கிருபாகரன் வீட்டு முற்றத்தில் முழங்கால் நனைகிற அளவுக்கு நின்றது. தெருப் பிள்ளைகள் டம்ளரோடு வந்தார்கள். டீக்கடைக்காரர் இரண்டு வாளியோடு வந்தார். பில் கலெக்டரும் வந்தார், நாங்கள் சொல்லி அனுப்பியிருந்தோம்.

“பால் யாரு காய்ச்சினது?”

“பூங்கனி. தவசி சம்சாரம், செவல்குளம் விலக்கு.”

எழுதிக்கொண்டு மேலே ஏறிப் போனார்.

சாயங்காலம் கிருபாகரன் வந்தபோது நான் கூடத்தில் உட்கார்ந்து பூண்டு உரித்துக்கொண்டிருந்தேன். அவர் புதுச் சாவி அன்றிலிருந்து பூட்டில் திரும்பவில்லை, ஆகவே கதவைத் தட்டினார். போலீஸைக் கூப்பிட்டார். இன்ஸ்பெக்டர் வந்து சாவியைப் போட்டுப் பார்த்தார், வரிப் புத்தகத்தைப் பார்த்தார், அடுப்புத் திண்டுக்குப் பக்கத்தில் என்னை நிற்கச் சொல்லிப் பார்த்தார். பிறகு அவருக்கும் ஒரு வீட்டுக் கடன் இருந்ததால் என்னைத் தனியாகக் கூப்பிட்டு, அந்தப் பெருக்கல் எப்படிப் போடுவது என்று கேட்டுத் தெரிந்துகொண்டு, புகாரை எழுதாமலே போய்விட்டார்.

வீட்டம்மாவுக்கு என் கூடத்தில் எப்போதும் வழி உண்டு, காசு கிடையாது. அவர் யாரிடமும் கையெழுத்து வாங்கவில்லை. கிருபாகரனுக்குத்தான் கணக்கு. அன்று இரவு மட்டும் அவரைக் காசில்லாமல் கடந்துபோக விட்டேன். மறுநாள் காலை அவர் பையோடு நின்றார், பத்து மணிக்கு ஆபீஸ். என் கூடத்தைத் தாண்டாமல் அவர் தெருவுக்குப் போக முடியாது. வழி உரிமையின் விலை பத்து லட்சம், கையில் இல்லாவிட்டால் பரவாயில்லை, இருபது வருஷத் தவணையில் தரலாம் என்று சொல்லி, தவசி எழுதி வைத்திருந்த காகிதங்களைக் கொடுத்தேன். என்னைத் தங்கச்சி என்று கூப்பிட்டவரை அண்ணே என்றுதானே கூப்பிட வேண்டும்.

“பதினேழு இடம்ண்ணே. புள்ளி வச்சிருக்கேன்.”

காலண்டரில் அன்றைய தாளைக் கிழித்துப் பின்பக்கம் பதினோராயிரத்துப் பதினொன்று என்று எழுதிக் கொடுத்தேன். அவர் பெருக்கினார், நான் பார்த்தேன், உதடு அசைந்தது. பெருக்கிப் பார்த்தும் கையெழுத்துப் போட்டார். மணி ஒன்பதே முக்கால், வேறு வழி அடைபட்டிருந்தது. அடைத்ததும் அவரே.

அதிலிருந்து தினமும் காலையில் செருப்பைக் கழற்றிக் கையில் பிடித்துக்கொண்டு என் கூடத்தைக் கடந்து போகிறார், மாலையில் அதே மாதிரி கடந்து வருகிறார். மாசாமாசம் அவர் தருகிற பதினோராயிரத்துப் பதினொன்றையும், சீட்டுப் பணம் நாற்பதாயிரத்தையும் நான் அசலில் கட்டினேன். எங்களுக்குப் பாக்கி இருந்த பதினேழு வருஷம் நாலு வருஷமாகச் சுருங்கியது. அங்கே சுவர் எழுவது நின்றுவிட்டது, ஐந்தாம் தேதி கூட்டமும் கலைந்து டீக்கடைக்காரர் இருபது வடையைக் குறைத்துக்கொண்டார். வஞ்சிக்குப் பன்னிரண்டு வயதாகும்போது பத்திரம் கைக்கு வரும். தவசி அவளை அந்தக் கூடத்துக்குக் கூட்டிவந்து, இனி இந்த மனுஷரை விட்டுவிடலாமே என்று ஒருநாள் சொல்லிப் பார்த்தார். நான் பூண்டு உரித்துக்கொண்டே இருந்தேன்.

ஒரு வருஷம் முடிந்ததும் வட்டியை ஒன்றரை ஏற்றினேன். கூடத்துத் தரை தேய்கிறது, காரணம் இல்லாமல் இல்லை. அவர் சிரமப்படக் கூடாது என்று மாசத் தொகையைத் தொடவில்லை. இப்போது அவர் கட்டுகிற பதினோராயிரத்துப் பதினொன்று, மாச வட்டிக்கே தொண்ணூற்றைந்து ரூபாய் பற்றவில்லை. அந்தத் தொண்ணூற்றைந்தும் மாசாமாசம் அசலில் போய் ஏறிக்கொள்கிறது. சிலேட்டில் எத்தனை தடவை போட்டாலும் அதற்கு முடிவு வரவில்லை. அவர் கம்பெனிக் கணக்கு தெரிந்தவர், அவருக்கு யாரும் சொல்ல வேண்டியதில்லை.

நேற்றுக் காலையில் தவணையைக் கொடுத்துவிட்டுப் போகாமல் நின்றார். ஒரு கையில் செருப்பு, ஒரு கையில் சாப்பாட்டுப் பை. தலை ஆடவில்லை. நான் நோட்டில் குறித்துக்கொண்டு நிமிர்ந்தேன். தொகை ஒரு பைசா ஏறலையேண்ணே, அப்புறம் என்ன கவலை என்று கேட்டேன். அவர் சுவரில் தொங்கிய காலண்டரைப் பார்த்துக்கொண்டே இருந்தார், பிறகு கிட்டே வந்து குனிந்து, தங்கச்சி என்பதை விட்டுவிட்டு, மெதுவாகக் கேட்டார்.

“அம்மா, எப்ப முடியும்னு மட்டும் ஒரு தாள்ல எழுதிக் குடுங்கம்மா.”